ஆறு வாரம் கழித்துப் பொலிசுக்குப் போனால் பிரயோசனம் உண்டா?

கேள்வி:

ஹற்றன் பக்கத்தில் இருந்து வந்து என்னோடு தங்கியிருக்கிறாள் என் தங்கை. வயது 23. புறக்கோட்டையில் ஒரு துணிக்கடையில் வேலை. கடை பூட்டிய பிறகு ஸ்டொக் எடுக்க வேண்டும் என்று மேல்மாடிக்குக் கூப்பிட்ட மனேஜர் அவளைப் பலாத்காரம் செய்திருக்கிறான். அவன் முதலாளிக்குச் சொந்தக்காரன். அவள் சத்தம் போடவில்லை, கை கால் ஓடவில்லை என்கிறாள். வீட்டுக்கு வந்து குளித்து, உடுப்பையும் துவைத்துவிட்டாள். மூன்று வாரம் கழித்துத்தான் எனக்கே சொன்னாள். இப்போது ஆறு வாரமாகிறது. உடம்பில் காயம் இல்லை. கடையில் பேசும் அளவுக்குத்தான் சிங்களம் தெரியும். காசு தருகிறோம், விரும்பினால் அவனுக்கே கட்டிவைக்கிறோம் என்று அவர்கள் பக்கத்தில் இருந்து ஆள் வருகிறது. அப்பா அதற்குச் சாய்கிறார். பொலிசுக்குப் போனால் பேப்பரில் பெயர் வரும், வழக்கு பத்து வருடம் இழுக்கும், கடைசியில் அவன் வெளியே வந்துவிடுவான் என்று எல்லோரும் சொல்கிறார்கள். உண்மையைச் சொல்லுங்கள் மேடம், எத்தனை பேருக்கு நீதி கிடைக்கிறது?

வாசகி, கொழும்பு 13

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் கேட்காத ஒன்றில் இருந்து தொடங்குகிறேன். தங்கையை இந்த வாரமே வைத்தியரிடம் காட்டுங்கள். எச்.ஐ.வி. தொற்றாமல் தடுக்கும் மருந்தை 72 மணித்தியாலத்துக்குள்ளும், கர்ப்பம் தங்காமல் தடுக்கும் அவசர மாத்திரையைக் கூடியது ஐந்து நாளுக்குள்ளும் எடுக்க வேண்டும். அந்த நாட்கள் போய்விட்டன. ஆனால் கர்ப்பம் இருக்கிறதா, வேறு தொற்று ஏதும் இருக்கிறதா என்று பார்க்க இப்போது நல்ல நேரம்தான். மூன்று மாதம் முடிந்ததும் எச்.ஐ.வி. பரிசோதனையை இன்னொரு தடவை செய்ய வேண்டும். கொழும்பு 10, டி சேரம் பிளேசில் உள்ள அரச பாலியல் நோய் கிளினிக்கில் இதெல்லாம் இலவசம், விஷயம் வெளியே போகாது. பெரிய அரச ஆஸ்பத்திரிகளில் 'மிதுரு பியச' என்று ஒரு பிரிவு உண்டு, தமிழில் நட்பு நிலையம். வன்முறைக்கு ஆளான பெண்களோடு கதைக்கவென்றே பயிற்சி பெற்ற தாதிமார் அங்கே இருப்பார்கள். பொலிஸ் முறைப்பாடு இல்லாமலே போகலாம்.

கர்ப்பம் என்று தெரியவந்தால் அது பெரிய சிக்கல். தாயின் உயிரைக் காப்பாற்ற மட்டுமே நம் சட்டம் கருக்கலைப்பை அனுமதிக்கிறது, பலாத்காரத்தால் உண்டான கர்ப்பத்துக்கும் விலக்கு இல்லை. திருத்த வேண்டும் என்று பல தடவை பேச்சு எழுந்து அடங்கிவிட்டது. என்னைக் கேட்டால் இது இரக்கமில்லாத சட்டம். ஆனாலும் யாரோ சொன்ன வீட்டுக்கு இரவோடு இரவாக அவளைக் கூட்டிக்கொண்டு போய்விடாதீர்கள். முதலில் ஒரு மகப்பேற்று வைத்தியர், பிறகு மற்றது.

இனி உங்கள் கேள்விக்கு வருகிறேன். உண்மையைச் சொல்லச் சொன்னீர்கள், சொல்கிறேன். பெரும்பாலானவர்களுக்கு நீதி கிடைப்பதில்லை. ஐ.நா. அமைப்புகள் ஆசிய பசிபிக் பகுதியின் ஆறு நாடுகளில் ஆண்களிடமே கேட்டு 2013இல் ஓர் ஆய்வை வெளியிட்டன. இலங்கையில் கேட்கப்பட்ட ஆண்களில் 14.5 வீதமானோர் வாழ்நாளில் ஒரு தடவையாவது ஒரு பெண்ணை வல்லுறவு செய்திருப்பதாகச் சொன்னார்கள். அவர்களில் 96.5 வீதமானோருக்குச் சட்டத்தால் எதுவும் நடக்கவில்லை. பொலிஸ் புத்தகத்தில் இருக்கும் கணக்கு அல்ல இது, செய்தவர்களே சொன்னது. பெண்கள் பக்கத்தில் இருந்து பார்த்தாலும் அதே கதைதான். 2019இல் தொகைமதிப்புப் புள்ளிவிபரத் திணைக்களம் நாடு முழுக்க நடத்திய ஆய்வில், 15 வயதுக்குப் பிறகு உடல்ரீதியான அல்லது பாலியல் வன்முறைக்கு ஆளானதாக நான்கு பெண்களில் ஒருவர் சொன்னார். பஸ்ஸிலும் ரயிலிலும் நடக்கும் தொந்தரவு பற்றி ஐ.நா. சனத்தொகை நிதியம் எடுத்த கணக்கெடுப்பில் 90 வீதமான பெண்கள் தங்களுக்கு நடந்திருக்கிறது என்றார்கள். பொலிஸ் உதவியைத் தேடியவர்கள் 4 வீதம். 155ஆம், 138ஆம் இலக்க பஸ்களில் தினமும் ஏறி இறங்குகிற எந்தப் பெண்ணுக்கும் இந்த எண் புதிதாக இருக்காது.

இதைச் சொன்னதும் "பார்த்தீர்களா, நாங்கள் சொன்னது சரிதானே" என்று உங்கள் அப்பா சொல்வார். நான் அப்படிப் பார்க்கவில்லை. வழக்குகள் எங்கே சாகின்றன என்று பாருங்கள். மேல் நீதிமன்றத்தில் தீர்ப்பு வாசிக்கும் நாளில் தோற்பவை கொஞ்சம். மிச்சமெல்லாம் அதற்கு முன்பே போய்விடுகின்றன. அதில் பல வீட்டுக்குள்ளேயே முடிகின்றன, யாரும் முறைப்பாடு செய்வதில்லை. முறைப்பாடு செய்தால் சமாதானம் பேசுகிறார்கள். அதையும் தாண்டினால் கோப்பு சட்டமா அதிபர் திணைக்களத்தில் வருடக்கணக்கில் கிடக்கிறது. அதையும் தாண்டினால் பெண் கல்யாணமாகி வேறு ஊர் போயிருப்பாள், பழையதைக் கிளறப் புகுந்த வீட்டார் விடமாட்டார்கள். எதிரிக்கு ஒன்றும் செய்யத் தேவையில்லை, தவணைக்குத் தவணை வந்து நின்றால் போதும்.

நம் சமூகம் பெயர் சொல்லி நினைவு வைத்திருக்கும் வழக்குகளை யோசித்துப் பாருங்கள். 1996 செம்மணி கிருஷாந்தி, 2015 புங்குடுதீவு வித்தியா. முதலாவதில் 1998இல் கொழும்பிலும், இரண்டாவதில் 2017இல் யாழ்ப்பாணத்திலும் மூன்று நீதிபதிகள் அமர்ந்து விசாரித்து மரண தண்டனை கொடுத்தார்கள். இரண்டிலுமே பாடசாலைப் பிள்ளைகள், இரண்டு பேரும் கொல்லப்பட்டவர்கள். செத்தவளுக்காக ஊரே தெருவில் இறங்கும், கடையடைப்புச் செய்யும். உயிரோடு வந்து "எனக்கு இப்படி நடந்தது" என்று சொல்கிறவளிடம்தான் நேரம் கேட்போம், உடுப்புக் கேட்போம், ஏன் போனாய் என்று கேட்போம்.

உங்கள் தங்கையிடமும் கேட்பார்கள். அதனால் சட்டம் என்ன சொல்கிறது என்பதை நீங்கள் தெளிவாகத் தெரிந்து வைத்திருங்கள்.

ஆறு வாரம் தாமதம் என்பதால் கதவு பூட்டப்படவில்லை. இப்படியான குற்றத்துக்கு வழக்குத் தொடரும் உரிமை 20 வருடம் வரை இருக்கிறது. தாமதத்துக்குக் காரணம் என்ன என்று நீதிமன்றம் கேட்கும், நம்பக்கூடிய பதில் இருந்தால் தாமதம் மட்டுமே வழக்கைக் கவிழ்க்காது. ஊரை விட்டு வந்து, முதலாளியின் சொந்தக்காரனிடம் சம்பளம் வாங்கும் 23 வயதுப் பெண் மூன்று வாரம் வாய் திறக்கவில்லை என்பதை விளங்கிக்கொள்ள ஒரு நீதிபதிக்குப் பெரிய கஷ்டம் இருக்காது. காயம் இல்லை என்பதும் அப்படியே. தண்டனைச் சட்டக்கோவையின் 363ஆம் பிரிவில் 1995 திருத்தத்தின்போது ஒரு விளக்கம் சேர்த்தார்கள்: சம்மதம் இல்லை என்று நிரூபிக்க, எதிர்த்ததற்கு அடையாளமான உடற்காயம் அவசியமில்லை. பயமுறுத்தி வாங்கிய சம்மதமும் அந்தப் பிரிவில் சம்மதம் ஆகாது. பார்த்த சாட்சி இல்லையே என்பீர்கள். சாட்சிகள் இத்தனை பேர் வேண்டும் என்று சான்றுக் கட்டளைச் சட்டத்தில் எங்கும் இல்லை. நம்பத்தகுந்தது என்றால் அவள் ஒருத்தியின் சாட்சியமே போதும்.

கை கால் ஓடாமல் போவது பயத்தில் உடம்பு செய்யும் வேலை. சத்தம் போட்டவர்களை விடப் போடாதவர்களைத்தான் நான் அதிகம் சந்தித்திருக்கிறேன். ஆனாலும் புதுக்கடை நீதிமன்றத்தில் குறுக்கு விசாரணையில் இந்தக் கேள்வி வராமல் இருக்காது. "கீழே மெயின் வீதி. எட்டு மணிக்கும் ஆள் நடமாட்டம் உண்டு. ஒரு தடவை கூப்பிட்டிருந்தால் மூட்டை தூக்கும் நாட்டாமி ஒருத்தனாவது ஓடி வந்திருப்பான், இல்லையா?" அவள் சொல்ல வேண்டியது உண்மையை மட்டும்: "பயத்தில் சத்தம் வரவில்லை." நல்லாய் இருக்கட்டும் என்று யாராவது "ஒரு தடவை கத்தினேன் என்று சொல்லு" என்பார்கள். அந்த ஒரு பொய் முழு வழக்கையும் கொண்டுபோய்விடும்.

இப்போது அந்தச் சமாதானப் பேச்சு. இதில் எனக்குக் கோபம் வருகிறது, மன்னியுங்கள். வல்லுறவு சமாதானமாக முடிக்கக்கூடிய குற்றங்களின் பட்டியலில் இல்லை. மத்தியஸ்த சபைக்கும் அதில் வேலை இல்லை. பொலிஸ் நிலையத்துக்குள் யாராவது இரண்டு குடும்பத்தையும் உட்காரவைத்து எழுதி வாங்கினால் அந்தக் காகிதத்துக்குச் சட்டத்தில் பெறுமதி இல்லை. முறைப்பாடு செய்யாதே என்று காசு காட்டுவதும் பயமுறுத்துவதும் தனிக் குற்றம். பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்க 2015இல் ஒரு சட்டம் வந்தது, 2023இல் அதன் இடத்தில் 10ஆம் இலக்கப் புதிய சட்டம் வந்திருக்கிறது. அதன் கீழ் முறைப்பாடு செய்யலாம்.

கட்டிவைக்கும் யோசனையை அப்பாவிடம் இப்படி விளக்குங்கள். இன்றைக்கு அவன் செய்தது 7 வருடம் முதல் 20 வருடம் வரை கடூழியச் சிறைக்கு உரிய குற்றம். தாலி கட்டிய மறுநாள் அதே காரியத்தை அதே பெண்ணுக்கு அவன் செய்தால் இந்த நாட்டுச் சட்டம் அதை வல்லுறவு என்று சொல்லாது. நீதிமன்றம் கணவன் மனைவியைப் பிரித்துவைத்திருந்தால் மட்டுமே விலக்கு. மிஞ்சுவது 2005இன் வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் எடுக்கும் பாதுகாப்புக் கட்டளைதான். அதாவது அவனுக்குக் கிடைக்கும் மாலை அவனுக்கு விடுதலைப் பத்திரம். மகளின் மானத்தைக் காப்பாற்றுகிறோம் என்று நினைத்துக்கொண்டு ஆயுளுக்கும் அவனிடம் ஒப்படைக்கிறார் என்று அப்பாவுக்குப் புரியவேண்டும். என் வார்த்தையாகவே அவரிடம் வாசித்துக் காட்டுங்கள்.

பொலிஸ் பற்றி. சம்பவம் நடந்த இடம் என்பதால் புறக்கோட்டைப் பொலிஸ் நிலையம், அங்கே சிறுவர் மகளிர் பிரிவு. பெண் பொலிசிடம் வாக்குமூலம் கொடுக்க வேண்டும் என்று கேளுங்கள். பக்கத்தில் ஒரு சட்டத்தரணி இருக்கலாம், 2012இன் விதிகள் அதற்கு இடம் கொடுக்கின்றன. காசு கொடுத்துப் பிடிக்க வழியில்லை என்றால் புதுக்கடையில் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. 'விமன் இன் நீட்' அமைப்பும் 1987இல் இருந்து இந்த வேலையைத்தான் செய்கிறது, கேட்டால் கூடவே வருவார்கள். முதலில் யாரிடமாவது கதைத்துப் பார்க்க வேண்டும் என்றால் 1938 அழையுங்கள், பெண்களுக்கான அரச உதவி இலக்கம்.

கொழும்பில் தமிழ்ப் பெண்கள் தடுமாறும் இடம் மொழி. மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் நல்லவராகவே இருக்கலாம். அவள் அரைகுறைச் சிங்களத்தில் அழுதுகொண்டே சொல்வாள், அவர் தனக்கு விளங்கியதைப் பெரிய புத்தகத்தில் சிங்களத்தில் எழுதிக்கொண்டே போவார். முடிவில் புத்தகத்தைத் திருப்பி, விரலால் இடத்தைக் காட்டி "மெதன அத்சன் கரன்ன", இங்கே கையெழுத்து வையுங்கள், என்பார். அவளும் வாசிக்காமலே கையெழுத்து வைத்துவிடுவாள். "இழுத்தான்" என்று இவள் சொன்னது "கூப்பிட்டான்" என்று எழுதப்பட்டிருந்தால் ஆறு வருடம் கழித்துச் சாட்சிக் கூட்டில் நின்றுதான் அது தெரியவரும், அதுவும் எதிரியின் சட்டத்தரணி எடுத்துக் காட்டும்போது. தமிழும் அரசகரும மொழி. தமிழில் வாக்குமூலம் கொடுப்பது அவளுடைய உரிமை, யாரும் செய்யும் தயவு அல்ல. தமிழ் தெரிந்த ஆள் இல்லை என்றால் வரும் வரை காத்திருங்கள், அல்லது வேறு நாள் வரச் சொன்னால் அந்த உத்தியோகத்தரின் பெயரையும் இலக்கத்தையும் குறித்துக்கொண்டு வாருங்கள். எழுதியதைத் தமிழில் வாசித்துக் காட்டாமல் கையெழுத்து வேண்டாம். முறைப்பாட்டை எடுக்கவே மறுத்தால் மேலதிகாரிக்கும் தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கும் எழுதலாம்.

பொலிஸ் அவளைச் சட்ட வைத்திய அதிகாரியிடம் அனுப்பும். அவள் சம்மதம் இல்லாமல் பரிசோதிக்க முடியாது. ஆறு வாரத்துக்குப் பிறகு உடம்பில் பெரிதாக ஒன்றும் கிடைக்காது. ஆனால் அவள் என்ன சொன்னாள், நித்திரை எப்படி, சாப்பாடு எப்படி என்பதெல்லாம் அறிக்கையில் வரும், அதற்கும் பெறுமதி உண்டு. துவைத்த உடுப்பையும் எறியாதீர்கள், பிளாஸ்டிக் பையில் இல்லாமல் காகிதப் பையில் போட்டு வையுங்கள்.

பேப்பரில் பெயர் வரும் என்ற பயத்துக்கு: பாதிக்கப்பட்டவரை அடையாளம் காட்டும்படி எதையும் வெளியிடுவது தண்டனைச் சட்டக்கோவையின் 365இ பிரிவில் குற்றம், இரண்டு வருடம் வரை சிறை. நீதிபதி நினைத்தால் பாலியல் வழக்கில் சம்பந்தமில்லாதவர்களை மண்டபத்தில் இருந்து வெளியே அனுப்பலாம். பெரிய பத்திரிகைகள் பெரும்பாலும் இதை மதிக்கின்றன. பேஸ்புக்கும் வட்ஸ்அப் குழுக்களும்தான் மதிப்பதில்லை. 2025 மார்ச்சில் அநுராதபுரம் போதனா வைத்தியசாலையில் ஒரு பெண் வைத்தியருக்கு நடந்தபோது சந்தேக நபர் சில நாளில் பிடிபட்டார், அதற்குள் அந்த வைத்தியரைப் பற்றிச் சமூக ஊடகத்தில் எழுதாதவர் இல்லை. ஆகவே பெயர் வரவே வராது என்று நான் வாக்குக் கொடுக்கமாட்டேன். ஆனால் உங்கள் விஷயத்தில் அது கசிந்தால் உறவுக்காரர் வாயில் இருந்துதான் கசியும். இப்போது எத்தனை பேருக்குத் தெரியும் என்று எண்ணிப் பார்த்து, அதோடு நிறுத்துங்கள்.

நீதிமன்றத்தைப் பற்றி இனிப்பாகச் சொல்ல எனக்கு எதுவும் இல்லை. கைது, நீதவானுக்குப் பொலிஸ் கொடுக்கும் பி அறிக்கை, விளக்கமறியல், பிறகு பிணை. பிணையில் வந்தால் விடுதலை என்று ஊர் பேசும், அது விடுதலை அல்ல. சட்டமா அதிபர் மேல் நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யச் சில வருடம் ஆகலாம். எல்லாம் முடிய எட்டு, பத்து வருடம் ஆகலாம், நீங்கள் கேள்விப்பட்டது மிகையல்ல. அவளுக்காக வழக்கை நடத்துவது அரசு, அதற்கு நீங்கள் காசு கட்டத் தேவையில்லை. ஆனால் அரச சட்டத்தரணி நடுவில் மாறுவார், சட்ட வைத்திய அதிகாரி மாற்றலாகிப் போயிருப்பார், தவணை தள்ளிப்போகும். நீதிமன்ற வராந்தாவில் அவனுடைய ஆட்கள் உட்கார்ந்திருக்கும் அதே வாங்கில் இவளும் உட்கார வேண்டி வரும். நான் சொன்ன 2023 சட்டத்தில் வேறு இடத்தில் இருந்து காணொளி வழியாகச் சாட்சி சொல்ல வழி இருக்கிறது, கேட்டால்தான் கிடைக்கும். தண்டனை கிடைத்தாலும் எவ்வளவு என்பது நீதிபதியைப் பொறுத்தது. 2008இல் ஒரு வழக்கில், குறைந்தபட்சத் தண்டனைக்குக் கீழேயும் இறங்க மேல் நீதிமன்ற நீதிபதிக்கு அதிகாரம் உண்டு என்று உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதைப் பிடித்துக்கொண்டு ஒத்திவைத்த சிறைத்தண்டனையோடு வீட்டுக்குப் போனவர்கள் உண்டு.

இவ்வளவும் தெரிந்த பிறகு முறைப்பாடு செய்யத்தான் வேண்டுமா? என் அபிப்பிராயம், செய்வது நல்லது, சீக்கிரம் செய்வது அதைவிட நல்லது. ஆனால் உங்கள் கடிதத்தை இரண்டு தடவை வாசித்தேன். அப்பா என்ன நினைக்கிறார், கடைக்காரர் என்ன சொல்கிறார், எல்லோரும் என்ன பேசுகிறார்கள் என்று இருக்கிறது. தங்கை என்ன விரும்புகிறாள் என்று ஒரு வரி இல்லை. அவள் வயதுக்கு வந்தவள். முறைப்பாட்டாளர் அவள், வராந்தாவில் உட்காரப்போகிறவள் அவள். இந்தப் பதிலை அவளே வாசிக்கட்டும். இன்றைக்கு வேண்டாம் என்றால் விடுங்கள், 20 வருடம் என்று சொன்னேனே. மருந்தும் மனநல ஆலோசனையும் அதற்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. ஒன்றை மட்டும் அவள் இப்போதே செய்யலாம்: நடந்ததைத் தன் கையால், தன் தமிழில், திகதி போட்டு எழுதி வைக்கட்டும். நீங்கள் திருத்தவோ கூட்டவோ வேண்டாம். அவள் உங்களிடம் சொன்ன நாளையும் சொன்ன விதத்தையும் நீங்கள் தனியாக எழுதி வையுங்கள், ஏனென்றால் நீங்களும் ஒரு சாட்சி. திரும்பத் திரும்ப அவளைச் சொல்லவைத்துப் போனில் பதிவு செய்யாதீர்கள்.

அவர்கள் பக்கத்தில் இருந்து வரும் மெசேஜ், வொய்ஸ் எதையும் அழிக்காதீர்கள், பதிலும் போடாதீர்கள். யார் வந்தார், எப்போது, எவ்வளவு காசு என்றார் என்று குறித்து வையுங்கள். கடையில் கமரா இருந்தால் பதிவு சில வாரங்களில் தானாக அழிந்துவிடும், முறைப்பாட்டைச் சீக்கிரம் செய்யச் சொல்வதற்கு அதுவும் ஒரு காரணம். ஸ்டொக் எடுத்த அன்றைக்குக் கைவிரல் மெஷினில் யார் எத்தனை மணிக்கு வெளியேறினார்கள் என்ற பதிவும் பொலிஸ் கேட்டால் எடுக்கலாம்.

அவள் இன்னும் அந்தக் கடைக்குத்தான் போகிறாளா என்று நீங்கள் எழுதவில்லை. போகிறாள் என்றால் நிறுத்துங்கள். கணக்குத் தீர்க்க வா என்று கூப்பிட்டால் தனியாக அனுப்பாதீர்கள். சொந்த விருப்பில் விலகுகிறேன், எனக்கு முறைப்பாடு எதுவும் இல்லை என்ற மாதிரி ஒரு காகிதம் கட்டாயம் நீட்டுவார்கள். அதில் கையெழுத்து வைத்தால்தான் சம்பளப் பாக்கியும் ஈ.பி.எப். (ஊழியர் சேமலாப நிதி) பத்திரமும் தருவோம் என்பார்கள். வைக்க வேண்டாம். நாரஹேன்பிட்டத் தொழில் திணைக்களத்தில் முறைப்பாடு போட்டால் அந்தக் காசைக் கையெழுத்து இல்லாமலே வாங்கலாம்.